நாற்பது தொண்டை

மேடையில் நாற்பது பேர் சேர்ந்து பாடி முடித்தார்கள். கைதட்டல் அடங்கியதும் பார்வையாளர் வரிசையில் இருந்த வெல்டர் பெரியவர் ஒருவரைப் பக்கத்து இருக்கைக்காரர் முழங்கையால் இடித்தார்.

"முதல் வரிசையில மூணாவது என் பையன். உங்க வீட்டு ஆளு எதுங்க பெரியவரே?"

"மருமக."

"எந்தப் பக்கம் நின்னு பாடுச்சு?"

"அவ எங்க பாடினா? வாயே திறக்கல."

"அடப்பாவமே! சும்மா ஓரமா நிக்க வச்சிட்டாங்களா?"

"ஓரமாவா? நட்டநடுவுல, நமக்கு முதுகக் காட்டிக்கிட்டு, கைய ஆட்டி ஆட்டி உம் மகனைப் பாட வச்சாளே, அவதான்யா!"

இருக்கைக்காரர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஒருத்தர் குரல்கூடத் தனியாத் துருத்தலையே! எப்படிங்க சேத்தாங்க?"

"பத்து வருஷமா மூஞ்சியத் திருப்பிக்கிட்டிருந்த என்னையும் என் மகனையும் ஒரே மேசையில உக்காந்து சாப்பிட வச்சவய்யா அவ. நாற்பது தொண்டை எம்மாத்திரம்?"