ஒன்பது சாவு, ஒரே வசனம்

பாரிஸ் தெருவொன்றில் மார்பில் குண்டு பாய்ந்து இரத்தினசிங்கம் செத்துக்கொண்டிருந்தார். துபாயின் கராமாவில் ஓர் அறையில், டிவிக்கு எதிரே, அதே இரத்தினசிங்கம் பனியனோடு உட்கார்ந்து ஆறிய டீயை உறிஞ்சிக்கொண்டிருந்தார்.

பதினாறு வருஷத்துக்கு முன், சண்டைக்குள் யாழ்ப்பாணத்தை விட்டவர். பிரெஞ்சுப் படங்களில் துணை நடிகர், போதாததற்கு எழுத்தாளராம். இப்போது ஷார்ஜா பாலைவனத்தில் படப்பிடிப்பு. நாயகனுக்கு நட்சத்திர ஹோட்டல்; இவருக்கு இந்த அறையில், ஐயப்பனின் கட்டிலுக்கு மேல் கட்டில்.

திரையில் கண் மூடுமுன் முனகினார்: "உலையை வை செல்லம், இந்தா வாறன்."

"அண்ணே! லாரியில அடிபட்டுச் சாகும்போதும் இதத்தானே சொன்னீங்க?" என்றான் ஐயப்பன். சிவகங்கைக்காரன், அடுத்தவர் சங்கதி என்றால் வெள்ளிக்கிழமை லீவுத் தூக்கத்தையும் விட்டுவிடுவான். "ஒம்பது படத்துலயும் ஒரே டயலாக். இதுக்குப் பேரு எழுத்தாளரா?"

"'தன் பாஷையில் ஏதோ சொல்கிறான்' எண்டு மட்டும்தான் எழுதித் தருவாங்கள் தம்பி. மிச்சம் நான்தான் எழுதோணும்." அவர் குரலில் அத்தனை சாவின் களைப்பும் இருந்தது. "அவங்களுக்கு விளங்கவா போகுது? கீழ எழுத்தில 'கடவுளே' எண்டு போட்டுடுவாங்கள்."

"சம்பளமாவது பேசி வாங்குவீங்களா?"

"குடுக்கிறதைக் குடுக்கட்டும். எந்தெந்த நாட்டில படம் காட்டுவீங்கள் எண்டு மட்டும் கேப்பன்."

ஐயப்பனுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. சாகிற வேஷக்காரருக்கு உலகப் புகழ் கேட்கிறது!

இரத்தினசிங்கத்தின் செல்போன் அடித்தது. எடுத்துக் கொடுக்கிற சாக்கில் ஐயப்பன் ஸ்பீக்கரையும் தட்டிவிட்டான். ஒரு பெண், பிரெஞ்சில் படபடத்தாள்.

"இங்க ஜுமேராவில இருக்கிற பிரெஞ்சு மேடமாம்," என்றார் அவர், போனைப் பொத்திக்கொண்டு. "நேற்று டிவியில என்ர படம் போட்டவங்களாம். படக் கம்பெனியில நம்பர் வாங்கியிருக்கிறா. அவ வீட்டில வேலைக்கு நிக்கிற ஆள் என்னோட கதைக்கோணுமாம்."

"வந்துட்டாருய்யா ரசிகரு! மன்றம் ஆரம்பிச்சிருவோமா அண்ணே?"

போன் கை மாறியது. இரத்தினசிங்கம் டீ கிளாஸைக் கீழே வைத்தார்.

பிறகு வேறொரு பெண் குரல்:

"உலை வைச்சுப் பதினாறு வருசமாச்சு. எப்ப வாறியள்?"