விடை எழுதிய முட்டாள்

அடித்துச் சொல்கிறேன், இதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை. பொய்யென்று நிரூபித்தால் மீசையில் ஒரு பக்கத்தை மட்டும் மழித்துக்கொண்டு கடைத்தெருவில் நடக்கிறேன்.

கல்லூரியின் கணக்குத் துறையில் கூட்டம். முதலாண்டுப் பிள்ளைகளுக்கு டிஸ்கிரீட் மேத்ஸ் புத்தகம் தேர்ந்தெடுக்க வேண்டும். மேஜையைச் சுற்றி மூன்று பேர். துறைத்தலைவர். மேஜையைத் தட்டித் தட்டிப் பேசுவதால் மாணவர்கள் ‘சுத்தியல்’ என்று பெயர் வைத்திருந்த விரிவுரையாளர் அம்மா. மூன்றாவது, கணக்கு என்றாலே கொட்டாவி வருகிற நூலகர்.

நூலகருக்கு அன்று காலையிலிருந்தே வயிற்றெரிச்சல். சுத்தியல் கேட்ட புத்தகத்துக்குப் பதிப்பகம் அனுப்பிய மாதிரிப் பிரதிகள் மூன்றிலும் முன்னுரைப் பக்கம் இல்லை. யாரோ பிளேடு வைத்து நறுக்கியிருந்தார்கள். புத்தகத்தில் கை வைப்பவன் கையை முறிக்க வேண்டும் என்பது அவர் கட்சி.

"முன்னுரையே இல்லாத புத்தகம். லட்சணம் அதுலயே தெரியுதே," என்றார் தலைவர். "பின்பக்க விடைகளைப் பாத்தீங்களா? பாதி தப்பு."

"பாத்தேன் சார்," என்றார் சுத்தியல். "இருந்தாலும் இந்தப் புத்தகம்தான் வேணும்."

"அம்மா, இதைக் கேளுங்க. விருந்துல ஏழு பேர். ஒவ்வொருத்தரும் சரியா மூணு பேரோட கை குலுக்க முடியுமா? விடை என்ன போட்டிருக்கான்? முடியுமாம். ஏழு மூணு இருபத்தொண்ணு. ஒரு குலுக்கலுக்கு ரெண்டு கை. இருபத்தொரு கையை எப்படி ஜோடி சேப்பீங்க? மிச்சக் கை அந்தரத்துல தொங்குமா?"

நூலகர் மேஜைக்கடியில் தன் விரல்களை எண்ணிப் பார்த்துவிட்டு, தொங்கத்தான் செய்யும் என்று கண்டுகொண்டார்.

"இதையேதான் கடைசி பெஞ்சுப் பொண்ணும் கேட்டா," என்றார் சுத்தியல். மேஜை அதிர்ந்தது. "போன மாசம் இதுலேருந்து ஒரு பாடத்தை நடத்திப் பாத்தேன். ‘புத்தகம் பொய் சொல்லுது மேடம்’னு எழுந்து நிக்கிறா. அச்சடிச்சதை எதிர்த்து ஒரு பிள்ளை வாய் திறந்து நான் பாத்ததே இல்ல. பாடம் அவ்வளவு தெளிவா இருக்கு சார். விடை தப்புன்னு அதுங்களுக்கே தெரியுது. நீங்க சொல்ற அந்தத் தடிப் புத்தகத்துல எல்லா விடையும் சரி. பிள்ளைங்க அதைப் பாத்து எழுதிட்டுத் தூங்கிடுது."

"பதிப்பகத்துக்காரன் எவ்வளவு கொடுத்தான்?"

நூலகர் சுவரில் இருந்த காலண்டரைப் பார்க்கத் தொடங்கினார்.

"வாங்கினேன்னே நிர்வாகத்துக்கு எழுதிக்குங்க," என்றார் சுத்தியல். குரல் உயரவில்லை. "வேலை போனாப் போகட்டும். புத்தகம் வரணும்."

"எழுதத்தான் போறேன். அதுக்கு முன்னாடி, இந்த விடைகளை எழுதின முட்டாள் யாருன்னு தெரியணும். அவனைக் கரும்பலகை பக்கமே விடக் கூடாது."

"விடுங்க சார். சின்ன வயசுல யாரோ அவசரத்துல செஞ்சிருப்பாங்க."

"சின்ன வயசுன்னா? பொறுப்பு வேண்டாமா? நான்லாம் அந்த வயசுல…" என்று தொடங்கிய தலைவர் முடிக்காமல் நூலகர் பக்கம் திரும்பினார். "நீங்க என்ன சொல்றீங்க?"

நூலகர் தொண்டையைச் செருமினார். தலைவர் பக்கம் சாய்ந்தால் நிம்மதி. ஆனாலும் வாய் வேறெங்கோ போயிற்று.

"அந்தக் கடைசி பெஞ்சுப் பொண்ணு சார்… முன்னாடி நூலகத்துக்கு வந்தா மின்விசிறிக்கு அடியில தூங்கும். இப்ப வந்து புத்தகம் கேக்குது. கொடுத்தா, இதுல என்ன தப்பு இருக்குன்னு தேடுது. நானும் இந்தப் புத்தகம்தான் சார்."

இரண்டுக்கு ஒன்று. தலைவரின் முகம் சுண்டிவிட்டது.

"சரி. என் எதிர்ப்பைக் குறிப்புல எழுதுங்க. ‘விடைகளை எழுதியவர் ஒரு முட்டாள்’. இதே வார்த்தை."

சுத்தியல் பேனாவைக் கீழே வைத்தார். "அதை நான் எழுத மாட்டேன்."

"பயமா?"

"ஆமா சார். பயம்தான்."

தலைவர் குறிப்பேட்டை வெடுக்கென்று இழுத்து, தானே கொட்டை எழுத்தில் எழுதி, கீழே முழுப் பெயரையும் போட்டுக் கையெழுத்திட்டு, கதவை அறைந்துவிட்டுப் போனார்.

சுத்தியல் கைப்பையைத் திறந்தார். "ஐயா, கொஞ்சம் கோந்து இருக்குமா?"

நூலகர் பாட்டிலை நீட்டினார். கைப்பையிலிருந்து வெளியே வந்தவை நறுக்கிய மூன்று முன்னுரைப் பக்கங்கள்.

"அடப்பாவி," என்று வாய்வரை வந்ததை நூலகர் விழுங்கினார். "நீங்களா?"

"மன்னிச்சுக்குங்க. இது பழைய புத்தகம்தான், புதுப் பேரு, புது அட்டை. அதான் அவருக்கு அடையாளம் தெரியல. கடைக்கு வர்ற பிரதிங்கள்ல இந்த ஒரு வரியை மட்டும் எடுத்துடச் சொல்லிப் பதிப்பகத்துக்கு எழுதிட்டேன்."

நூலகர் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு சுத்தியலின் விரல் காட்டிய வரியைப் படித்தார். பின்பக்க விடைகள் அனைத்தையும் எழுதித் தந்த இளம் ஆசிரியருக்கு நூலாசிரியர் மனமார நன்றி சொல்லியிருந்தார். அதிலிருந்த முழுப் பெயர், குறிப்பேட்டில் மை காயாமல் இருந்த அதே பெயர்.

"இதை ஒரு தடவை காட்டியிருந்தா உங்க மேல பழியே வந்திருக்காதே."

"அவரு நாளைக்கும் வகுப்புக்குப் போகணுமே ஐயா."

அப்போதுதான் கோந்து பாட்டில் கை தவறி, குறிப்பேட்டில் சரியாக அந்த வரியின் மேல் கவிழ்ந்தது. யார் கை தவறியது என்று என்னைக் கேட்காதீர்கள். நான்தான் சொன்னேன் என்று எவரிடமும் மூச்சு விடாதீர்கள். துறைத்தலைவர் இன்னமும் நூலகத்துக்கு வந்துபோய்க்கொண்டுதான் இருக்கிறார்.