காலியிடம் இல்லை

அப்பா இறந்து எட்டு மாதமாகிறது. கருணை அடிப்படையில் வேலை கேட்டு, அவர் வேலை பார்த்த தாலுகா ஆபீசுக்கு நான் நடப்பது இது ஒன்பதாவது தடவை.

"உங்கப்பா இடம் காலியாகவே இல்லையேம்மா," என்றார் கண்காணிப்பாளர். "அவர் குரல், குறிப்பு எழுதுற விதம், எல்லாத்தையும் மெஷின்ல ஏத்தியாச்சு. இப்பவும் பட்டா ஃபைலெல்லாம் அவர்தான் பார்க்கிறார்."

"அப்ப அவர் சம்பளத்தை எங்க வீட்டுக்குக் கொடுங்க சார்."

"செத்தவருக்கு ஏதும்மா சம்பளம்?"

"வேலை வாங்க மட்டும் உயிரோட இருக்காரா?" நான் கத்தியதில் வரிசையில் நின்றவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள்.

கண்காணிப்பாளர் மூலையில் இருந்த திரையைக் காட்டினார். "மேல்முறையீடெல்லாம் அங்கே சொல்லுங்க."

மனு கொடுக்க வந்த யாரையும் அப்பா ஒருநாளும் நிற்கவைத்துப் பேசியதில்லை. திரைக்கு முன்னால் போனதும் அதே குரல் வந்தது.

"முதல்ல உட்காருங்கம்மா. தண்ணி குடிச்சீங்களா?"

உட்கார்ந்தேன். அப்பாவின் இறப்புச் சான்றிதழைத் திரைக்கு நேராகப் பிடித்தேன்.

"அடடா, ஐம்பத்திரண்டு வயசுதானா? இறந்தவர் உங்களுக்கு என்ன உறவும்மா?"