ரெண்டு பிடி கொள்ளிட மணல்

தனக்குள் அனுமதிச் சீட்டில்லாத ஆற்றுமணல் கிடப்பதை அறிந்ததும், கோதையின் மினி லாரி தானாகவே ஓடிப்போய்க் காவல் நிலையத்தில் சரணடைந்துவிட்டது. அந்த வண்டிதான் அவளுக்குப் பிழைப்பு; பதறிக்கொண்டு போனாள்.

"ரெண்டு பிடி, கொள்ளிட மணல்," என்று வண்டி கொடுத்த அறிக்கையைப் படித்தார் ஏட்டு. "எப்படிம்மா வந்துச்சு? காரணம் எழுதினாத்தான் வண்டிய விட முடியும்."

"புடவையிலேர்ந்து உதிர்ந்ததுய்யா. நேத்து ஆத்துல உக்காந்து பேசிட்டிருந்தேன்."

"யாரோட?"

சேதி கேட்டு ஓடிவந்த டீக்கடை வைரக்கண்ணு வாசலில் நின்றபடி சொன்னான்: "என்னோடதாங்கய்யா. என்னைக் கட்டிக்கிறியான்னு கேட்டேன். இன்னும் பதில் சொல்லல."

ஏட்டு சிரிப்பை அடக்கிக்கொண்டார். "அப்ப நான் என்னன்னு எழுதுறது?"

கோதை வைரக்கண்ணுவை ஒருமுறை பார்த்தாள்.

"கல்யாணம் பேசி முடிச்சாச்சுன்னு எழுதுங்கய்யா."

வண்டி கிடைத்தது. வைரக்கண்ணு செருப்பை நன்றாகத் தட்டிவிட்டு அவள் பக்கத்தில் ஏறி உட்கார்ந்தான்.