கண்ணை எடுக்காமல்

முதல் கல் ஜன்னலை உடைத்துக்கொண்டு வந்து புத்தக அலமாரியில் மோதும்போது அவர் வீட்டு மேஜையிலிருந்து நேரலையில் பேசிக்கொண்டிருக்கிறார். வட்ட விளக்கு அவர் முகத்தை வெள்ளையாகக் கழுவுகிறது. மேலே கோட்டு, மேஜைக்குக் கீழே வீட்டு அரைக்கால் சட்டை. "ஆலை வாசல்ல போராடினவங்கள போலீஸ் சுட்டது வருத்தம்தான். ஆனா ஊர் இப்ப அமைதியா இருக்கு" என்கிறார். அந்த ஆலைக்கு அனுமதி வாங்க அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கியவரே அவர்தான். அதற்கு முன்னால் அமைச்சர் ஒருவருக்கு ஆலோசகர். என்ன நடந்தாலும் கேமராவை விட்டுக் கண்ணை எடுக்கக் கூடாது என்று அமைச்சரைப் பழக்கியவர். இப்போது திரையில் அவர் பெயருக்குக் கீழே 'அரசியல் விமர்சகர்' என்று ஓடுகிறது. தெருவில், "புரோக்கர் நாயே, வெளிய வாடா!" என்று கத்துகிறார்கள். அடுத்த கல் காதைக் கிழித்துக்கொண்டு போகிறது. சூடாக இறங்கிய ரத்தம் காலரை நனைக்கிறது. மறு காதில் மாட்டிய கருவியில் தயாரிப்பாளரின் குரல் குதிக்கிறது: "ரத்தம் நல்லாத் தெரியுது சார், துடைச்சிராதீங்க!" மனைவி துண்டோடு ஓடி வருகிறாள். "போதும்ங்க, எழுந்திரிங்க!" கேமராவுக்குத் தெரியாத கையால் அவளைப் போ, போ என்று விரட்டுகிறார். மூன்றாவது கல் சுவரிலும் படவில்லை, கண்ணாடியிலும் படவில்லை. அவள் கையிலிருந்த துண்டு அவர் காலில் விழுகிறது. அதன்மேல் அவள் விழுகிறாள். விரல்கள் அவர் பாதத்தை இறுக்கிப் பிடிக்கின்றன, மெல்லத் தளர்கின்றன. "பொதுமக்கள் யாருக்காவது அடிபட்டிருக்கா சார்?" என்று கேட்கிறாள் தொகுப்பாளினி. அவர் கண் கேமராவை விட்டு இம்மியும் நகரவில்லை. "யாருக்கும் இல்லம்மா" என்கிறார்.