நூற்றுப் பதினெட்டு ஃப்ரேம்

படம் போட்டுப் பார்க்கும் அறை. முன்வரிசையில் டிவி சேனல் அதிகாரி வில்சன். மடியில் நோட்டு.

அவருக்கு வலப்பக்கம் இயக்குநர்.

கதவை ஒட்டிய நாற்காலியில் இன்பராஜ். கார்ட்டூன் யானையின் புதிய குரல்.

எல்லோருக்கும் பின்னால், எடிட்டிங் மேசையில் அவள். கைப்பையில் ஒரு கடிதம். தேதி உண்டு, விளி உண்டு, கையெழுத்தும் உண்டு. நடுவில் ஒன்றுமில்லை.

திரையில் கிழட்டு யானை ஆற்றை நோக்கி வந்துகொண்டிருந்தது. இன்னும் நாற்பது நொடி.

பழைய குரல் குலசேகரனுடையது. தொண்டையில் அறுவை சிகிச்சை. இனிப் பேச்சு வராது என்று டாக்டர் சொல்லிவிட்டார். அடுத்த பாகங்களுக்கும் சேர்த்து ஒரே குரல் வேண்டும் என்றார் வில்சன். பழையது ஒரு வார்த்தைகூட இருக்கக் கூடாது.

அவள் மாற்றினாள். நூற்று நாற்பத்தொரு வசனம்.

போன வாரம் குலசேகரனின் போஸ்ட் கார்டு வந்தது. ஒரே வரி.

'ஒரு வார்த்தையாவது மிச்சம் இருக்கா, தங்கச்சி?'

யானை நின்றது.

கார்ட்டூனுக்கு முதலில் குரல். அதைக் கேட்டுத்தான் வரைவார்கள். தண்ணீரைப் பார்த்து யானை விடும் பெருமூச்சு நூற்றுப் பதினெட்டு ஃப்ரேம். கிட்டத்தட்ட ஐந்து நொடி. வயிறு தாழும். காது தொங்கும். கடைசியில் துதிக்கை மண்ணைத் தொடும்.

இன்பராஜ் ஒன்பது முறை விட்டுப் பார்த்தார். துதிக்கை மண்ணுக்கு வருமுன்பே அவர் மூச்சு முடிந்துபோனது.

அந்த ஓர் இடத்தில் மட்டும் அவள் பழையதைத் திரும்ப வைத்துவிட்டாள். யாரிடமும் சொல்லவில்லை.

மூச்சு வந்தது.

அடியில் லேசான கரகரப்பு. நோய் அப்போதே இருந்திருக்கிறது.

வில்சன் கையைத் தூக்கினார். "நிறுத்துங்க."

நிறுத்தினாள்.

"இது யாரு?"

இயக்குநர் திரும்பினார். இன்பராஜும் திரும்பி அவளைப் பார்த்தார். அது தன் மூச்சில்லை என்று அவருக்குத் தெரியாமல் இருக்குமா?

அவர் உண்மையைச் சொன்னால் படத்திலிருந்து அந்த மூச்சும் போகும். அவள் வேலையும் போகும்.

"நான்தான் சார்," என்றார் இன்பராஜ். "அன்னைக்குக் கொஞ்சம் சளி."

வில்சன் நோட்டில் ஏதோ குறித்தார்.

"அடுத்த தடவையும் சளி பிடிச்சுட்டு வாங்க. ம், போடுங்கம்மா."

யானை ஆற்றில் இறங்கியது.

படம் முடிந்ததும் அவள் மாடிப்படியில் உட்கார்ந்து கடிதத்தின் நடுவை எழுதினாள்.

'வார்த்தை எதுவும் இல்லை, அண்ணே. ஞாயிறு காலை பத்து மணிக்குப் படம். யானை ஆற்றங்கரைக்கு வரும்போது சத்தத்தைக் கூட்டி வையுங்கள்.'

இறங்கி வந்த இன்பராஜ் இரண்டு படி மேலேயே நின்றார். உறையில் இருந்த விலாசத்தைப் படித்தார். பேனாவுக்குக் கை நீட்டினார்.

அனுப்புநர் என்ற இடத்தில், அவள் பெயருக்குக் கீழே, தன் பெயரையும் எழுதினார்.

அவள் பசை தடவி ஒட்டினாள்.

தெருமுனைப் பெட்டியில் போட்டது அவர்தான். அது உள்ளே விழும் சத்தம் கேட்கும்வரை இருவரும் நின்றார்கள்.