முதலாளிக்குச் சம்மதம் தராத டிரைவர்

செர்ரிப் பழம் முழுக்க லாரியில் ஏறிவிட்டது. அமெரிக்காவின் யாக்கிமாவிலிருந்து சிகாகோ போகவேண்டும். ஆனால் அரசாங்கத்தின் போதைச் சோதனைப் பதிவேட்டில் தன் பெயர் இருக்கிறதா என்று முதலாளி பார்த்துக்கொள்ள டிரைவர் ஹார்லன் இன்னும் சம்மதம் கொடுக்கவில்லை. அது இல்லாமல் வண்டியை வெளியே விடமுடியாது என்று கிடங்குக்காரி டோரீன் குறுக்கே நின்றாள்.

"செல்லுல ஒரு அழுத்து அழுத்தினா முடிஞ்சுது பெரியவரே. என்ன வீம்பு?"

"முப்பது வருஷமா ஓட்டுறேன்மா. முதலாளிங்க புத்தி எனக்குத் தெரியும். இன்னிக்கு மூத்திரத்தைக் கேப்பான், நாளைக்கு ரத்தத்தைக் கேப்பான்."

"பழம் அழுகிப்போனா?"

"அது முதலாளி தலையில விடியட்டும்."

டோரீனுக்குப் பொறுமை போயிற்று. லாரிக் கதவில் எழுதியிருந்த கம்பெனி நம்பருக்குப் போன் போட்டாள்.

ஹார்லனின் சட்டைப்பையில் மணி அடித்தது. அந்த ஒற்றை லாரிக் கம்பெனியே அவருடையதுதான். முதுகைத் திருப்பிக்கொண்டு, தொண்டையைச் செருமி, போனைக் காதில் வைத்தார்.

"முதலாளிதான் பேசுறேன். என்னது, சம்மதிக்க மாட்டேங்கிறானா? அப்ப பய எதையோ போட்டிருக்கான்மா. வண்டியை விட்டுடாதீங்க."